முறைத் தண்ணீரும் பதவி உயர்வுக் கோப்பும்

கும்பகோணத்திலிருந்து ஓர் இளம் உதவிப் பேராசிரியர், தமக்குப் பதவி உயர்வு மறுக்கப்பட்டதை எதிர்த்து அனுப்பவிருந்த மேல்முறையீட்டு மனுவைச் சென்ற மாதம் என்னிடம் பார்க்கக் கொடுத்தார். மனு 11 பக்கம். அதில் 7 பக்கங்கள், அதே கூட்டத்தில் உயர்வு பெற்ற இன்னொருவர் தம்மைவிட எந்தெந்த வகையில் குறைந்தவர் என்பதை விரித்துரைத்தன: அவர் எழுதிய கட்டுரைகளின் தரம் என்ன, எந்தப் பருவத்தில் எந்த வகுப்புக்குப் போகாமல் இருந்தார், யாருக்கு மாணவர், யாருக்கு வேண்டியவர். எஞ்சிய பக்கங்களில் ஒரே ஒரு வரிதான் என் கண்ணுக்கு மனுவாகத் தெரிந்தது. “நான் கோரிய மதிப்பெண்ணில் 9 குறைக்கப்பட்டுள்ளது, ஏன் என்று இன்றுவரை எனக்குத் தெரிவிக்கப்படவில்லை.” அந்த வரியைச் சுற்றி இரண்டு பக்கம் எழுதுங்கள், மற்றவரைப் பற்றிய 7 பக்கங்களையும் எடுத்துவிடுங்கள் என்றேன். “மேடம், அதுதானே முக்கியம்?” என்று கேட்டார். அவர் குரலில் இருந்த ஏமாற்றம் எனக்குப் புதிதல்ல. என் முறை வந்தபோது நானும் அப்படித்தான் எழுதினேன்.

கல்லூரிக்கு வெளியே உள்ளவர்களுக்கு இதைக் கொஞ்சம் விளக்கியாக வேண்டும். ஒரு நாற்காலி காலியாகி, அதற்கு நான்கு பேர் போட்டியிடுவதைத்தான் பதவி உயர்வு என்று பொதுவாக நினைக்கிறோம். நாங்கள் சி.ஏ.எஸ். என்று சுருக்கிச் சொல்லும் பணி மேம்பாட்டுத் திட்டத்தில் நாற்காலியும் இல்லை, போட்டியும் இல்லை. பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018ஆம் ஆண்டு விதிமுறைகள் இதை அந்த ஆசிரியருக்கே உரிய உயர்வு என்கின்றன. அவர் ஓய்வு பெறும்போது பணியிடம் பழைய நிலைக்கே திரும்பிவிடும். உதவிப் பேராசிரியராக 10ஆம் ஊதிய நிலையில் சேர்ந்தவர், முனைவர் பட்டம் பெற்றிருந்தால் 4 ஆண்டுகளிலும், எம்.பில். மட்டும் இருந்தால் 5 ஆண்டுகளிலும், இரண்டும் இல்லையென்றால் 6 ஆண்டுகளிலும் 11ஆம் நிலைக்கு விண்ணப்பிக்கலாம். அங்கிருந்து 5 ஆண்டுகளில் 12ஆம் நிலை. மேலும் 3 ஆண்டுகள் கழிந்தால் இணைப் பேராசிரியர்; பல்கலைக்கழகத் துறைகளில் இருப்பவர்களுக்கு அந்தப் படிக்கே 7 கட்டுரைகளும் ஆய்வு மதிப்பெண் 70உம் வேண்டும். அதன்பின் 3 ஆண்டுகளில், 10 கட்டுரைகளும் 110 மதிப்பெண்ணும் இருந்தால் பேராசிரியர். வேறு நிபந்தனைகளும் உண்டு என்றாலும் கணக்கின் வடிவம் இதுதான். கோட்டைத் தாண்டினாரா இல்லையா என்பதே கேள்வி; பக்கத்து அறைக்காரர் எவ்வளவு தூரம் தாண்டினார் என்பது இதில் வராது. ஆகவே, அவர் என்னைவிடக் குறைந்தவர் என்று 7 பக்கம் நிரூபித்தாலும், நிரூபித்தவருக்கு அதனால் அரை மதிப்பெண்கூட ஏறாது.

அப்படியிருக்க இவ்வளவு மனக்கசப்பு ஏன் வருகிறது என்றால், அதற்குத் தேதிதான் காரணம். தகுதி பெற்ற நாளில் விண்ணப்பித்து, முதல் மதிப்பீட்டிலேயே தேறியவருக்குத் தகுதி பெற்ற நாளிலிருந்தே உயர்வு கணக்காகும். குழு ஓராண்டு தாமதமாகக் கூடினாலும் நிலுவைத் தொகை வந்துவிடும். முதல் மதிப்பீட்டில் தவறி, மறு மதிப்பீட்டில் தேறியவருக்கோ அந்தப் பிந்திய நாளிலிருந்துதான் உயர்வு. மறு மதிப்பீட்டுக்குக் குறைந்தது ஓராண்டு காத்திருக்கவும் வேண்டும். ஒரு படியில் விழுந்த இந்த ஓராண்டு அடுத்த படிக்கும், அதற்கடுத்த படிக்கும் கூடவே வரும். கடைசியில் ஓய்வூதியக் கணக்கிலும் உட்கார்ந்துகொள்ளும். ஒருவர் அரைப்பக்கத் தாளில் யோசிக்காமல் போட்ட ஒரு சுழிக்கு இவ்வளவு நீண்ட வால் இருக்கிறது.

என் கதை 2010ஆம் ஆண்டு விதிமுறைகளின் காலத்தது. டெல்டாவில் ஓர் அரசு உதவிபெறும் கல்லூரியில் வேதியியல் கற்பித்துக்கொண்டிருந்தேன். 7000 தர ஊதியத்திலிருந்து 8000க்குப் போக வேண்டிய கட்டம். அந்தப் படிக்கு நேர்காணல் கிடையாது. ஏ.பி.ஐ. என்ற பெயரில் நாமே நமக்கு மதிப்பெண் போட்டு, ஒவ்வொன்றுக்கும் சான்று இணைத்துக் கொடுக்க வேண்டும். முதல்வர், துறைத்தலைவர், பல்கலைக்கழகத்திலிருந்து நியமிக்கப்பட்ட இரண்டு பாட வல்லுநர்கள் ஆகியோர் கூடிச் சரிபார்ப்பார்கள். விண்ணப்பம் கொடுத்து 14 மாதங்கள் கழித்துக் கூடினார்கள். எனக்கு வந்தது ஒரே வரிக் கடிதம்: தேவையான குறைந்தபட்ச மதிப்பெண் பெறவில்லை. எவ்வளவு பெற்றேன் என்றுகூட அதில் இல்லை.

எங்கள் துறைத்தலைவருக்கும் எனக்கும் அதற்கு முந்தைய ஆண்டு ஆய்வகத்துக்குக் கண்ணாடிச் சாமான் வாங்கிய விலைப்புள்ளி குறித்து எழுத்து மூலமாகவே ஒரு தகராறு நடந்திருந்தது. அந்தக் கோப்பு முதல்வர் மேசையில் முடிவாகாமல் கிடந்தபோதே, அவர் என் மதிப்பெண் தாளைச் சரிபார்க்க உட்கார்ந்தார். அவர் வேண்டுமென்றே குறைத்தார் என்று அன்று நான் உறுதியாக நம்பினேன். இன்று அவ்வளவு உறுதியாகச் சொல்ல மாட்டேன். உண்மையிலேயே என் சான்றுகளில் அவருக்குக் குறை தென்பட்டிருக்கலாம். அவர் மனத்தில் என்ன இருந்தது என்று எனக்கும் தெரியாது, எந்த நீதிபதிக்கும் தெரியாது. அந்த நிலையில் அவர் அந்த நாற்காலியில் உட்கார்ந்திருக்கக் கூடாது என்பது மட்டும், அவர் மனத்துக்குள் எட்டிப் பார்க்காமலேயே சொல்லிவிடக்கூடியது.

என் தந்தையின் நிலம் தரங்கம்பாடிப் பக்கம், கடைமடையில். எங்கள் பக்கத்தில் முறை என்றால் முதலில் தண்ணீர்தான். மேட்டூரில் தண்ணீர் குறைவான ஆண்டுகளில் காவிரிக்கு இத்தனை நாள், வெண்ணாற்றுக்கு இத்தனை நாள் என்று முறை வைப்பார்கள். அதற்குக் கீழே வாய்க்கால் வாய்க்காலாக, மடை மடையாக முறை இறங்கி வரும். உறவுக்கும் முறை என்கிறோம், வழக்குச் சொல்வதற்கும் முறையிடுதல் என்கிறோம், தவறு நடந்தால் முறைகேடு என்கிறோம். மொழி இவற்றையெல்லாம் ஒரே வேரில் முடிந்து வைத்திருப்பதற்குக் காரணம் இருக்கிறது என்றே நினைக்கிறேன். தன் முறையில் வந்த தண்ணீர் முழங்கால் அளவுகூட இல்லாமல் போனால் என் தந்தை வானத்தைத் திட்டுவார், மறுநாள் மறந்துவிடுவார். தன் முறையன்று மேல்மடையில் யாரோ பலகை போட்டிருப்பதைக் கண்டுவிட்டால், வயல் நிறைந்த பிறகும் ஆறு மாதத்துக்கு அந்த வீட்டு விசேஷத்துக்குப் போக மாட்டார். அளவு குறைந்ததைப் பொறுத்துக்கொள்கிற மனிதர் முறை தவறியதைப் பொறுப்பதில்லை. ஆசிரியர்களும் பெரும்பாலும் அப்படித்தான், தங்கள் மனுவில் அதை எழுதத் தெரியாவிட்டாலும்.

மேல்மடைக்காரரே அளவுகோலையும் கையில் வைத்திருக்கக் கூடாது என்பதைக் காவிரிப் படுகைக்கு யாரும் கற்றுத்தர வேண்டியதில்லை. கல்லூரிகளுக்கு அதைச் சொல்ல ஒரு வழக்கு வேண்டியிருந்தது. 1969இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த கிரைபக் வழக்கு அது. ஜம்மு காஷ்மீரில் மாநில வனத்துறை அலுவலர்களிலிருந்து இந்திய வனப் பணிக்கு ஆள் எடுத்தார்கள். தேர்வுக் குழுவில் உறுப்பினராக இருந்த தற்காலிகத் தலைமை வனப் பாதுகாவலர், தாமே ஒரு விண்ணப்பதாரர். தம் பெயர் பரிசீலிக்கப்பட்டபோது அவர் வெளியே போனார். தம் போட்டியாளர்களின் பெயர்கள் வந்தபோது உள்ளே இருந்தார். அந்தப் பட்டியல் பிறகு மத்தியத் தேர்வாணையம் வரை போய் வந்தது, மற்ற உறுப்பினர்கள் அவர் தங்கள் முடிவைப் பாதிக்கவில்லை என்று சொன்னார்கள், இருந்தும் தேர்வு முழுவதும் ரத்தானது. ஒருதலைச் சார்பு நடந்ததா என்று நிரூபிக்க வேண்டியதில்லை, நடப்பதற்கு நியாயமான வாய்ப்பு இருந்ததா என்று பார்த்தால் போதும் என்பது அதன் சாரம்.

இந்த இடத்தில் ஆரூர்க்காரர்கள் கோபித்துக்கொள்ளக் கூடாத ஒரு குறுக்குப் பேச்சு. மனுநீதிச் சோழன் கதையில் எல்லாரும் தேர்க்காலைப் பேசுகிறார்கள். என்னைக் கேட்டால் அந்தக் கதையின் சிறந்த பகுதி மணி. வாயில்லாத ஒரு பசு யார் அனுமதியும் கேளாமல் இழுக்கக்கூடிய உயரத்தில் தொங்கிய மணி. தேர்க்காலைப் பொறுத்தவரை, மகன் மீதான வழக்கைத் தந்தையே விசாரித்துத் தீர்ப்புச் சொன்னது இன்றைய கணக்கில் குறைதான். அந்தத் தந்தை மகனுக்கு எதிராகச் சாய்ந்துவிட்டார் என்பதால், சாயக்கூடிய இடத்தில் அவர் உட்கார்ந்தது சரியாகிவிடாது.

என் கோப்புக்கு வருகிறேன். முதலில் நான் எழுதிய மனு, சொன்னேனே, துறைத்தலைவரின் குணநலன்களைப் பற்றியது. ஆசிரியர் சங்கத்தில் இருந்த மூத்தவர் ஒருவர் அதைப் படித்துவிட்டுக் கிழிக்கவில்லை, மடித்துத் தம் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். “இது என்கிட்டயே இருக்கட்டும்மா. நீங்க முதல்ல தாளைக் கேளுங்க” என்றார். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் 10 ரூபாய் கட்டி, கூட்ட நடவடிக்கைக் குறிப்பும் என் மதிப்பெண் தாளும் கேட்டேன். அந்தச் சட்டத்தின் 4ஆம் பிரிவில், ஒரு நிர்வாக முடிவால் பாதிக்கப்பட்டவருக்கு அதன் காரணத்தைத் தெரிவிப்பது அலுவலகத்தின் கடமை என்றே இருக்கிறது. கேட்டால்தான் சொல்ல வேண்டும் என்றுகூட அதில் இல்லை. இதை அறிந்த ஆசிரியர்கள் மிகக் குறைவு. பாடத்திட்டக் குழு, தேர்வுப் பணி, தேர்தல் பணி என்று எல்லாவற்றுக்கும் விதிப்புத்தகம் புரட்டும் நாங்கள், எங்கள் சொந்தப் பணிவிதிகளை வாசலில் விட்ட செருப்பைப் போல வெளியிலேயே விட்டுவிட்டுப் போகிறோம்.

தாள் வந்தது. கற்பித்தல் நேரத்துக்கான பத்தியில் நான் போட்ட எண் அடிக்கப்பட்டு வேறு எண் எழுதப்பட்டிருந்தது. குறிப்பு ஏதும் இல்லை, சுருக்கொப்பமும் இல்லை. வல்லுநர் இருவரில் ஒருவரின் கையெழுத்து நடவடிக்கைக் குறிப்பில் இருந்தது, மதிப்பெண் தாளில் இல்லை. கூட்டம் நடக்கும் அன்றே, அல்லது அதன் கடைசி நாளிலேயே, மதிப்பெண் தாளோடு நடவடிக்கைக் குறிப்பும் எழுதி எல்லா உறுப்பினரும் கையெழுத்திட வேண்டும் என்று தேர்வுக் குழுக்களுக்கு விதிமுறைகள் சொல்வது சடங்குக்காக அல்ல என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. அன்று எழுதாத காரணம் பிறகு எழுதப்பட்டால், அது கேள்வி வந்தபின் தைத்த சட்டை. கேள்வியின் அளவுக்கே இருக்கும். ஓர் ஆணையை அதில் சொல்லப்பட்ட காரணங்களைக்கொண்டே எடைபோட வேண்டும், பிற்பாடு பிரமாணப் பத்திரத்தில் புதிய காரணங்களைச் சேர்த்து அதற்கு உயிரூட்ட முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்ற நீதிபதி கிருஷ்ணய்யர் எழுதியதும் இதையே. என் விஷயத்தில் கல்லூரி பிறகு மூன்று வெவ்வேறு காரணங்களை மூன்று கடிதங்களில் சொன்னது. மூன்றும் ஒன்றுக்கொன்று ஒத்துப்போகவில்லை என்பது எனக்கு எந்த வழக்கறிஞரையும்விட அதிகம் உதவியது.

மறுபரிசீலனைக்கு வேறு குழு அமைந்தது. துறைத்தலைவருக்குப் பதில் வேறொருவர். என் மதிப்பெண் கோட்டுக்கு மேல் வந்தது. ஆனால் உயர்வுத் தேதியை இரண்டாவது குழு கூடிய நாளாகப் போட்டார்கள். முதல் முறை தவறி மறுமுறை தேறியவருக்கு அதுதானே விதி என்றார்கள். இங்கேதான் என் வாழ்நாளில் நான் எழுதிய ஒரே நல்ல சட்ட வாக்கியத்தை எழுதினேன் என்று கொஞ்சம் பெருமையோடு சொல்லிக்கொள்கிறேன். அந்த விதி மதிப்பீட்டில் தவறியவருக்கானது. முதல் கூட்டத்தில் நான் தவறவில்லை, மதிப்பீடுதான் நடக்கவில்லை. முறையாக நடக்காத ஒன்றை முதல் வாய்ப்பாகக் கணக்கில் எடுத்துக்கொள்ள இயலாது. இந்த வரி கல்லூரிக்கும் பல்கலைக்கழகத்துக்கும் இடையே இரண்டு ஆண்டுகள் அலைந்து, ஒருவழியாக என் பழைய தேதி திரும்பக் கிடைத்தது. என்னோடு அதே கூட்டத்தில் மறுக்கப்பட்ட தாவரவியல் நண்பர் இந்த அலைச்சலுக்குப் பயந்து பிந்திய தேதியையே ஏற்றுக்கொண்டார். அவர் சான்றுகள் என்னுடையவற்றைவிடத் தெளிவாக இருந்தன.

இதுவரை நான் பாதிக்கப்பட்டவளாகவே பேசினேன். 2019இல் வேறொரு கல்லூரிக்கு நானே வல்லுநராகப் போனேன். ஆறு கோப்புகள், மதிய உணவுக்கு முன் முடித்துவிடலாம் என்று முதல்வர் சொன்னார், நானும் தலையாட்டினேன். நான்காவது கோப்பில் ஒரு கட்டுரை, மானியக் குழுவின் இதழ்ப் பட்டியலிலிருந்து நீக்கப்பட்ட ஓர் இதழில் வந்திருந்தது. 2018 மே மாதத்தில் ஒரே அறிவிப்பில் 4,305 இதழ்களை அந்தப் பட்டியலிலிருந்து நீக்கியிருந்தார்கள். பணம் வாங்கிக்கொண்டு எதையும் அச்சிடும் இதழ்கள் மீது எனக்கு அப்போதே தீராத எரிச்சல். சிவப்பு மையால் “ஏற்பில்லை” என்று எழுதி, மதிப்பெண்ணை அடித்து, அடுத்த பக்கத்தைப் புரட்டினேன். யாரும் எதுவும் கேட்கவில்லை. தேநீர் கொண்டுவரச் சொல்ல வந்த அலுவலகக் கண்காணிப்பாளர்தான், தயங்கியபடி, “அம்மா, இது 2017 மார்ச்சில் வந்த கட்டுரை. பட்டியலிலிருந்து எடுத்தது அடுத்த வருஷம்தானே?” என்றார்.

அவர் சொன்னது சரி. கட்டுரை வந்தபோது அந்த இதழ் பட்டியலில் இருந்தது. அந்தப் பட்டியலை நம்பித்தான் அந்த ஆசிரியர் அதற்கு அனுப்பியிருக்கிறார். ஆட்டம் தொடங்கிய பின் ஆட்ட விதியை மாற்றக் கூடாது என்று 2008இல் மஞ்சுஸ்ரீ வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதை, 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வும் ஏற்றது. அவை ஆள்தேர்வு பற்றிய வழக்குகள்; ஆயினும் என் சிவப்பு மைக்கும் அந்த நியாயம் பொருந்தும். எனக்குச் சட்டம் தெரியாமல் இல்லை, அந்த ஆசிரியரின் மீது பகையும் இல்லை, முகம்கூடத் தெரியாது. அவசரமும் ஒரு கொள்கைக் கோபமும் மட்டுமே இருந்தன. அவையே போதுமாக இருந்தன, எனக்கு நடந்ததை நான் இன்னொருவருக்குச் செய்ய. என் துறைத்தலைவரைப் பற்றிய உறுதி எனக்குத் தளர்ந்தது அன்றைக்குத்தான்.

குறைக்கும் முன் ஒரு வரி எழுதிக் கேட்டிருந்தால் அவரே பதில் சொல்லியிருப்பார். கேட்பதற்கு ஒரு வாரம் ஆகும், குழுவை மீண்டும் கூட்ட வேண்டும், வல்லுநருக்குப் பயணப்படி தர வேண்டும் என்பதெல்லாம் உண்மையான சிரமங்கள்தான். ஆனால் விண்ணப்பத்திலிருந்து ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று விதிமுறை கொடுக்கும் கால அளவில் ஐந்தரை மாதங்களைக் கோப்பு அலமாரியில் தூங்கவிட்டு, கடைசி நாளில் நேரமில்லை என்பதை நான் காரணமாக ஏற்பதில்லை. 2008இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த தேவ் தத் வழக்கில், எல்லைச் சாலைப் பொறியாளர் ஒருவருக்கு ஓராண்டு ஆண்டறிக்கையில் ‘நன்று’ என்று எழுதியிருந்தார்கள். உயர்வுக்கோ ‘மிக நன்று’ தேவைப்பட்டது. நன்று என்பது பாதகமான குறிப்பு அல்லவே, அதை ஏன் அவரிடம் சொல்ல வேண்டும் என்பது அரசின் வாதம். எந்தக் குறிப்பானாலும் தெரிவிக்க வேண்டும், தெரிந்தால்தானே அவர் திருத்தக் கோர முடியும் என்றது நீதிமன்றம்.

பட்டியலும் மதிப்பெண்ணும் ஒழிந்தால் இந்தத் தொல்லையே இருக்காது என்பாரும் உண்டு. 2025 ஜனவரியில் மானியக் குழு வெளியிட்ட வரைவு, எண்ணிக்கைக் கணக்குக்குப் பதிலாக ஒன்பது வகைக் குறிப்பிடத்தக்க பங்களிப்புகளைப் பார்க்கலாம் என்றது. துணைவேந்தர் நியமனம் குறித்த பகுதிக்காகத் தமிழ்நாட்டுச் சட்டமன்றம் அந்த வரைவை எதிர்த்துத் தீர்மானம் போட்டதில் இந்தப் பகுதி பேசப்படாமலே போனது. மதிப்பெண் முறையின் அபத்தங்கள் எனக்குத் தெரியும். கருத்தரங்குச் சான்றிதழுக்காக ஊர் ஊராக அலைந்தவர்களில் நானும் ஒருத்தி. ஆனாலும் எண் அடிக்கப்பட்டால் அடித்த தடமாவது தாளில் இருக்கும். குறிப்பிடத்தக்கதன்று என்ற சொல்லுக்கு அதுவும் இல்லை. எண்ணைக் கைவிடுகிற நாளில் காரணம் எழுதுவதை இரட்டிப்பாக வலியுறுத்த வேண்டியிருக்கும். அறிவுத்துறை மதிப்பீட்டில் நீதிமன்றங்கள் எளிதில் தலையிட மாட்டா, அது சரியும்கூட. என் கட்டுரை நல்ல கட்டுரையா என்று நீதிபதி சொல்ல வேண்டாம். அதைச் சொல்லும் உரிமை உள்ளவர்கள் ஏன் என்று சொல்லிவிட்டுப் போகட்டும்.

கும்பகோணத்து நண்பர் மனுவைச் சுருக்கி மீண்டும் கொண்டுவந்தார். இப்போது 3 பக்கம். 7 பக்கங்களிலிருந்து ஒரு வரியை மட்டும் எடுக்க மறுத்தார்: உயர்வு பெற்றவர் குழு உறுப்பினர் ஒருவரின் ஆய்வு மாணவர் என்பது. முதலில் அதையும் எடுக்கத்தான் சொன்னேன். பிறகு யோசித்துப் பார்த்தபோது, வசையாக இருந்தவரை அது வேண்டாத வரி. அந்த உறுப்பினர் அன்று தம் தொடர்பைக் குழுவுக்குத் தெரிவித்தாரா, தெரிவித்தது நடவடிக்கைக் குறிப்பில் பதிவாகியிருக்கிறதா என்று கேள்வியாக மாற்றினால் அது தேவையான வரி என்று பட்டது. கேள்வியாகவே மாற்றி, குழு அமைப்பைப் பற்றிய பத்திக்குள் வைத்தோம். மனுவோடு தகவல் கேட்கும் விண்ணப்பமும் வெள்ளிக்கிழமை தபாலில் போயிருக்கிறது. ஒப்புகை அட்டை வந்ததும் பத்திரமாக வைக்கச் சொல்லியிருக்கிறேன். தகவல் தர அலுவலகத்துக்கு உள்ள 30 நாள் கணக்கு, விண்ணப்பம் அங்கே கிடைத்த நாளிலிருந்துதான் தொடங்கும்.